வெளிநாட்டு எம்பிபிஎஸ் முடித்து இந்தியாவில் பதிவு பெறுவது: சேரும் முன் எதைப் பார்க்க வேண்டும்?

நெல்வயல்:
எல்லோருக்கும் வணக்கம். மகள் இந்த வருடம் நீட்டில் தகுதி மதிப்பெண் எடுத்துவிட்டாள். ஆனால் அரசு இடம் கிடைக்கிற அளவுக்கு இல்லை. தனியார் கல்லூரியின் மேனேஜ்மென்ட் கோட்டா எங்கள் குடும்பத்துக்குக் கட்டுப்படியாகாது. போன வாரம் ஒரு ஏஜென்ட் வீட்டுக்கே வந்தார். மூன்று நாடுகள், ஆறு கல்லூரிகள், எல்லாவற்றுக்கும் மேலே "என்எம்சி அப்ரூவ்டு" என்று அச்சடித்த அட்டை. இந்த மாதக் கடைசிக்குள் முன்பணம் கட்டினால் இடம் உறுதி என்கிறார். படித்து முடித்து வந்து ஒரு தேர்வு எழுதினால் போதும், இங்கே டாக்டர் என்கிறார். நிலத்தை அடமானம் வைத்துத்தான் அனுப்ப முடியும். அந்த ஒரு தேர்வு மட்டும்தானா, வேறு விதிகள் இருக்கின்றனவா என்று தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

ஹவுஸ்சர்ஜன்_மதுரை:
வணக்கம் சார். நான் 2016இல் ரஷ்யா போய்ப் படித்தவன். எஃப்எம்ஜிஇ, அதாவது வெளிநாட்டில் படித்து வந்தவர்கள் இங்கே எழுதுகிற தேர்வை மூன்றாவது அட்டெம்ப்ட்டில் பாஸ் செய்து, சிஆர்ஆர்ஐ என்கிற கட்டாய மருத்துவமனைப் பயிற்சியை முடித்து, இப்போது நிரந்தரப் பதிவோடு வேலை பார்க்கிறேன்.

முதலில் அந்த அட்டையைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். தேசிய மருத்துவ ஆணையம், அதாவது என்எம்சி, எந்த வெளிநாட்டுக் கல்லூரிக்கும் அங்கீகாரம் கொடுப்பதில்லை. அப்படி ஒரு பட்டியலும் கிடையாது. அது விதியை மட்டும் போட்டிருக்கிறது. படிப்பு அந்த விதிக்குள் வருகிறதா என்று பார்க்கும் பொறுப்பை மாணவர் தலையில் வைத்திருக்கிறது. ஆகவே "அப்ரூவ்டு" என்று எழுதியிருந்தால் எழுதியவருக்கு விதி தெரியவில்லை, அல்லது தெரிந்தே எழுதியிருக்கிறார்.

விதியின் பெயர் வெளிநாட்டு மருத்துவப் பட்டதாரி உரிம ஒழுங்குமுறைகள், 2021. அரசிதழில் வந்தது 18 நவம்பர் 2021. அந்தத் தேதிக்கு முன் சேர்ந்தவர்கள் பழைய கணக்கு. என்னைப் போன்றவர்கள் 2002இன் ஸ்க்ரீனிங் டெஸ்ட் விதிப்படி வந்தோம். உங்கள் மகள் புதிய விதியின்கீழ் வருவார். அதனால் நான் பட்டதை அப்படியே வழிகாட்டியாக எடுத்துக்கொள்ளாதீர்கள் சார். என் சீனியர்கள் சொன்னதை வைத்து இப்போது சேர்ந்துவிட்டு மாட்டிக்கொண்டவர்களை எனக்குத் தெரியும்.

புதிய விதி கேட்பது இவை. படிப்பு குறைந்தது 54 மாதம். அதே கல்லூரியில் அதற்கு மேல் 12 மாதம் பயிற்சி. பாடம் நடத்துவது ஆங்கிலத்தில். படிப்பு, பயிற்சி எல்லாமே இந்தியாவுக்கு வெளியே, ஒரே கல்லூரியில். உடற்கூறியலில் தொடங்கி மகப்பேறு, மயக்கவியல் வரை விதியின் அட்டவணையில் உள்ள பாடங்கள் எல்லாம் படித்திருக்க வேண்டும். திரும்பி வந்து தேர்வில் தேறி, இங்கேயும் இன்னொரு 12 மாதம் பயிற்சி. அப்புறம் எல்லாவற்றிலும் முக்கியமான ஒன்று இருக்கிறது, அதைத் தனியாக எழுதுகிறேன். டூட்டி முடித்து இரவு வருகிறேன்.

ஈரோட்டு_அம்மா:
இரண்டு தடவை இன்டர்ன்ஷிப்பா? அங்கே ஒரு வருடம், இங்கே ஒரு வருடமா? எங்கள் ஏஜென்ட் அங்கே முடித்தால் இங்கே வேண்டாம் என்றாரே.

கார்கிவ்_திரும்பியவள்:
இரண்டும் வேண்டும் அக்கா. 2021 நவம்பருக்குப் பிறகு சேர்ந்தவர்களுக்கு அதில் சந்தேகமே இல்லை. சில கல்லூரிகள் கடைசி வருடத்தை "நீங்கள் உங்கள் ஊர் மருத்துவமனையில் செய்து சான்று வாங்கி அனுப்புங்கள்" என்று விட்டுவிடுகின்றன. வீட்டுப் பக்கத்திலேயே இருக்கலாம், செலவு மிச்சம் என்று பிள்ளைகளும் வந்துவிடுகிறார்கள். அந்த வருடம் கணக்கிலேயே வராது. மொத்தமும் நாட்டுக்கு வெளியே, அதே கல்லூரியில் என்று விதி நேராகச் சொல்கிறது.

ஹவுஸ்சர்ஜன்_மதுரை:
வந்துவிட்டேன். அந்த முக்கியமான விஷயம் இதுதான்.

எந்த நாட்டில் பட்டம் வாங்குகிறோமோ, அந்த நாட்டின் மருத்துவ ஒழுங்குமுறை அமைப்பில் பதிவு பெற்றிருக்க வேண்டும், அல்லது அங்கே மருத்துவம் பார்க்க உரிமம் பெறும் தகுதி இருக்க வேண்டும். அதுவும் அந்த நாட்டுக் குடிமகனுக்குக் கொடுக்கிற உரிமத்துக்குச் சமமானதாக இருக்க வேண்டும்.

பழைய விதியிலும் இதற்குப் பக்கத்தில் ஒரு வரி இருந்தது. வாங்கிய பட்டம் அந்த நாட்டில் மருத்துவராகப் பதிவு செய்ய ஏற்ற பட்டமாக இருக்க வேண்டும், அதை நம் தூதரகம் உறுதிப்படுத்த வேண்டும் என்று கேட்டார்கள். அது பட்டத்தைப் பற்றிய கேள்வி. கல்லூரி ஒழுங்கான கல்லூரி என்றால் முடிந்துவிடும். இப்போதைய கேள்வி ஆளைப் பற்றியது. உங்கள் மகள் என்கிற இந்தியப் பெண், அந்தப் பட்டத்தை வைத்துக்கொண்டு அந்த நாட்டில், அந்த நாட்டுக்காரர் பக்கத்தில் உட்கார்ந்து நோயாளி பார்க்க முடியுமா? முடியாது என்றால் இங்கேயும் முடியாது.

இதில்தான் சிக்கல். சில நாடுகள் மருத்துவ உரிமத்தைத் தன் குடிமக்களுக்கு மட்டும் வைத்திருக்கின்றன. சில நாடுகளில் எம்பிபிஎஸ் அளவிலான பட்டம் முடித்ததும் தனியாக மருத்துவம் பார்க்க விடுவதில்லை, மேற்கொண்டு சில வருடப் பயிற்சி முடித்த பிறகுதான் உரிமம். இன்னும் சில நாடுகளில் உரிமத் தேர்வு அந்த நாட்டு மொழியில். ரஷ்யாவில் வகுப்பை ஆங்கிலத்தில் நடத்துவார்கள். ஆனால் பட்டத்துக்குப் பிறகு வருகிற அக்ரெடிடேஷன் என்கிற உரிமத் தேர்வு ரஷ்ய மொழியில். நான் ஆறு வருடத்தில் வார்டில் நோயாளியோடு பேசுகிற அளவுக்கு ரஷ்யன் கற்றேன். என்னோடு படித்தவர்களில் பாதிப்பேருக்கு மேல் கடைக்குப் போய்ப் பொருள் வாங்குவதோடு நிறுத்திக்கொண்டார்கள். அன்றைக்கு அது ஒரு குறையாகத் தெரியவில்லை.

தவாவோ_மாணவன்:
அண்ணா சொல்வதில் ஒவ்வொரு வரியும் என் வாழ்க்கையில் நடந்தது. நான் பிலிப்பைன்ஸ் போனவன். அங்கே முதலில் பிஎஸ் என்று ஒரு படிப்பு, அதன் பிறகுதான் நான்கு வருட எம்டி (அங்கே எம்பிபிஎஸ் இடத்தில் இருக்கிற பட்டம் அது). நான்கு வருடம் என்றால் 48 மாதம். விதி கேட்பது 54. பிஎஸ் காலத்தையும் சேர்த்துக்கொள்ளலாம் என்று கன்சல்டன்சியில் சொன்னார்கள். அது மருத்துவத்துக்கு முந்திய அறிவியல் படிப்பு, நம் ஊர் பிளஸ் டூ உயிரியல் மாதிரிதான், சேராது என்று என்எம்சி சொல்லிவிட்டது. நான் பிஎஸ் முடிக்கும் தறுவாயில் இருந்தேன், எம்டியில் இன்னும் சேரவில்லை. திரும்பி வந்துவிட்டேன். ஒன்றரை வருடம் போனது, அப்பாவின் பிஎஃப் பணம் போனது. இப்போது பிசியோதெரபி இரண்டாம் வருடம்.

நெல்வயல் சார், உங்கள் ஏஜென்ட்டிடம் ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: மாதக் கணக்கு எத்தனை, எந்தத் தேதியிலிருந்து எண்ணுகிறீர்கள்? மொழி வகுப்பு, ஆயத்த வகுப்பு எல்லாவற்றையும் கூட்டித்தான் 54 வருகிறதா என்று பாருங்கள்.

நெல்வயல்:
தம்பி, படிக்கவே மனசு கஷ்டமாக இருக்கிறது. எழுதியதற்கு நன்றி. உங்கள் அப்பாவிடம் நான் விசாரித்ததாகச் சொல்லுங்கள்.

மாலைநேர_ஓபி:
நான் அரசு மருத்துவர், இருபது வருட சர்வீஸ். இங்கே எழுதுகிற பிள்ளைகள்மேல் எனக்கு மரியாதை உண்டு, ஆனால் இன்னொரு பக்கத்தையும் சொல்ல வேண்டும். இந்த விதிகளை ஏதோ வஞ்சம் என்று நினைக்காதீர்கள். என் யூனிட்டுக்கு சிஆர்ஆர்ஐ வருகிற வெளிநாட்டுப் பட்டதாரிகளில் அருமையான பிள்ளைகள் இருக்கிறார்கள். ஆறு வருடம் படித்துவிட்டு ஒரு பிரசவம்கூடப் பக்கத்திலிருந்து பார்க்காமல் வந்தவர்களும் இருக்கிறார்கள். குறை அந்தப் பிள்ளையிடம் இல்லை. நோயாளி பேசுகிற மொழி இவருக்குத் தெரியாது, அதனால் கேஸ் எடுக்கவே விடவில்லை. கொரோனாவில் இரண்டு வருடம் போனில் பார்த்த வகுப்பு வேறு.

பெய்ஜிங்கில் உள்ள நம் தூதரகம் 2022இல் ஒரு அறிவுரை வெளியிட்டது. 2015 முதல் 2021 வரை சீனாவில் படித்து எஃப்எம்ஜிஇ எழுதியவர்கள் 40,417 பேர், தேறியவர்கள் 6,387 பேர். நூற்றுக்குப் பதினாறு. மருத்துவம் என்பது ஒரு உயிர் சம்பந்தப்பட்டது. தேர்வு இருக்கத்தான் வேண்டும்.

சீனா2019:
டாக்டர், நான் அந்தப் பதினாறில் ஒருவன் இல்லை, ஆனால் இப்போது பாஸ் செய்துவிட்டேன். இரண்டு விஷயம் சொல்கிறேன்.

அந்தச் சதவீதம் ஆளை எண்ணியதா, அட்டெம்ப்ட்டை எண்ணியதா என்று பார்க்க வேண்டும். தேர்வு ஜூனிலும் டிசம்பரிலும் வருகிறது. எத்தனை முறை வேண்டுமானாலும் எழுதலாம். நான்கு முறை எழுதி ஐந்தாவதில் பாஸ் ஆனவர் நான்கு தோல்வியாகவும் ஒரு வெற்றியாகவும் ஐந்து முறையின் முடிவுகளில் வருகிறார். தேர்ச்சி விகிதம் தாழ்வாகவே நிற்பதற்கு இதுவும் ஒரு காரணம். அதற்காகப் படிப்பில் குறையே இல்லை என்று சொல்ல வரவில்லை.

அடுத்தது. இங்கே படிப்பவர்களுக்கும் எங்களுக்கும் ஒரே தேர்வு என்றுதான் 2019இன் தேசிய மருத்துவ ஆணையச் சட்டம் சொன்னது. நெக்ஸ்ட் என்று பெயர் வைத்தார்கள். 2023இல் தள்ளி வைத்தார்கள். ஒரே தாள் என்றால் நான் மகிழ்ச்சியோடு எழுதுவேன். எங்களுக்கு மட்டும் என்றால் அது எங்களை மட்டும் சந்தேகிப்பது போல இருக்கிறது. அது வலிக்கிறது, டாக்டர்.

மாலைநேர_ஓபி:
உங்கள் இரண்டாவது பாயின்ட்டை ஒப்புக்கொள்கிறேன் தம்பி. பொதுத் தேர்வு வந்தால் இங்கே உள்ள சில கல்லூரிகளின் தரமும் வெளியே தெரியும். வர வேண்டும் என்றே நானும் நினைக்கிறேன். முதலாவதையும் நான் யோசித்திருக்கவில்லை. அதுவும் சரிதான்.

ஈரோட்டு_அம்மா:
அந்தத் தேர்வு எப்படி இருக்கும்? என் மகன் இரண்டாம் வருடம் படிக்கிறான், இப்போதே ஆரம்பிக்கலாமா?

சீனா2019:
இப்போதே ஆரம்பிக்கச் சொல்லுங்கள் அம்மா. 300 கேள்வி, ஒரே நாளில் இரண்டு பகுதி, ஒவ்வொன்றும் இரண்டரை மணி நேரம். 150 எடுத்தால் பாஸ். தவறான விடைக்கு மதிப்பெண் கழிப்பதில்லை, ஆகவே ஒரு கேள்வியையும் விடக் கூடாது. முந்நூறில் நூறு கேள்வி முதல் வருடங்களின் பாடம்: அனாடமி, பிசியாலஜி, பயோகெமிஸ்ட்ரி மூன்றிலும் தலா 17, அப்புறம் பேத்தாலஜி, மைக்ரோபயாலஜி, பார்மகாலஜி தலா 13, ஃபோரன்சிக் 10. மீதி 200 கிளினிக்கல். நிறையப் பேர் கோட்டைவிடுவது கம்யூனிட்டி மெடிசினில். 30 கேள்வி அதில் மட்டும். நம் நாட்டுத் தடுப்பூசி அட்டவணை, காசநோய்த் திட்டம், ஆரம்ப சுகாதார நிலைய அமைப்பு, இதையெல்லாம் எந்த வெளிநாட்டுக் கல்லூரியும் சொல்லித் தராது. மகன் விடுமுறைக்கு வரும்போது அந்த ஒரு புத்தகத்தைக் கையில் கொடுத்து அனுப்புங்கள்.

கார்கிவ்_திரும்பியவள்:
"ஒரே கல்லூரி" என்கிற விதியைப் பற்றி என் அனுபவம். 2022 பிப்ரவரியில் உக்ரைனில் போர் தொடங்கியபோது அங்கே நான்காம் வருடத்தில் இருந்தேன். மெட்ரோ நிலையத்துக்குள் ஆறு நாள், அப்புறம் ரயில், எல்லை, விமானம். அதை இங்கே எழுதவில்லை. ஊர் வந்து சேர்ந்த பிறகு வந்த கவலை இதுதான்: வேறு கல்லூரிக்கு மாறினால் பட்டம் செல்லாது, மாறாவிட்டால் படிப்பே இல்லை. அந்த வருடம் செப்டம்பரில்தான் அகடமிக் மொபிலிட்டியை என்எம்சி ஏற்றுக்கொண்டது. வேறு நாட்டில் உட்கார்ந்து படிக்கலாம், பட்டம் பழைய உக்ரைன் கல்லூரியின் பெயரில் வரும். நான் அப்படித்தான் முடித்தேன். கடைசி வருடத்தில் இருந்தவர்களுக்கு வேறு ஏற்பாடு: 2022 ஜூன் 30க்குள் முடித்த சான்று இருந்தால் தேர்வு எழுதலாம், ஆனால் இங்கே ஒரு வருடத்துக்குப் பதில் இரண்டு வருடப் பயிற்சி.

இதையெல்லாம் ஏன் சொல்கிறேன் என்றால், அது போர் வந்ததால் கிடைத்த விலக்கு. "பிடிக்கவில்லை என்றால் இரண்டாம் வருடம் வேறு நாட்டுக்கு டிரான்ஸ்ஃபர் வாங்கித் தருகிறோம்" என்று இப்போது சொல்கிற கன்சல்டன்சிகள் எங்கள் கதையைக் காட்டித்தான் சொல்கின்றன. எங்களுக்குக் கிடைத்தது மற்றவர்களுக்குக் கிடைக்காது. தயவுசெய்து நம்பாதீர்கள்.

நெல்வயல்:
இந்த டிரான்ஸ்ஃபர் பேச்சு எங்களிடமும் வந்தது அம்மா. நல்லவேளை சொன்னீர்கள். இன்னொரு சந்தேகம். தேர்வு பாஸ் செய்த பிறகு இங்கே பயிற்சி இடம் உடனே கிடைக்குமா?

ஹவுஸ்சர்ஜன்_மதுரை:
உடனே கிடைக்கும் என்று சொல்ல முடியாது சார். நான் எட்டு மாதம் காத்திருந்தேன். பாஸ் ஆனதும் மாநில மருத்துவ கவுன்சிலில் தற்காலிகப் பதிவு. பட்டத்தில் அப்போஸ்டில் (ஆவணம் உண்மையானது என்று அந்த நாட்டு அரசு தருகிற சான்று) அல்லது நம் தூதரகச் சான்று இருக்க வேண்டும், அதை அந்த நாட்டை விட்டுக் கிளம்பும் முன்பே முடித்துவிடுவது நல்லது. அப்புறம் கல்லூரி ஒதுக்கீடு. ஒரு மருத்துவக் கல்லூரி தன் இடங்களில் 7.5 சதவீதம் வரைதான் வெளிநாட்டுப் பட்டதாரிகளைப் பயிற்சிக்குக் கூடுதலாக எடுக்கலாம். 150 இடம் உள்ள கல்லூரி என்றால் பதினொரு பேர். (அரசுப் பள்ளி மாணவர்களுக்கான 7.5 சதவீத ஒதுக்கீட்டோடு இதைச் சேர்த்துக் குழப்பிக்கொள்கிறார்கள். எண் ஒன்றுதான், விஷயம் வேறு.)

அந்த எட்டு மாதம் கொடுமையான காலம். வயது 26, கையில் பட்டம், தேர்வும் பாஸ். ஆனால் ஊரில் ஒருவருக்குக் காய்ச்சல் மாத்திரை எழுதித் தர உரிமை இல்லை. பதிவு இல்லாமல் மருத்துவம் பார்த்தால் ஒரு வருடம் வரை சிறை அல்லது ஐந்து லட்சம் வரை அபராதம் அல்லது இரண்டும் என்று சட்டம் சொல்கிறது. ஒரு கிளினிக்கில் "சும்மா உதவிக்கு உட்காருங்க" என்று கூப்பிட்டார்கள். போகவில்லை. போயிருந்தால் இன்று இதை எழுதிக்கொண்டிருக்க மாட்டேன்.

பயிற்சிக் கால ஊக்கத்தொகை இங்கே படித்தவர்களுக்கு என்னவோ அதுவேதான் நமக்கும். விதியிலும் இருக்கிறது, 2024இல் உச்ச நீதிமன்றமும் வேறுபாடு காட்டக் கூடாது என்று சொன்னது. இதைத் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள், சில இடங்களில் கேட்டு வாங்க வேண்டியிருக்கிறது.

ஈரோட்டு_அம்மா:
எங்கள் உறவில் ஒரு பையன் நீட் எழுதாமலே போய்விட்டான். அந்த நாட்டில் கேட்கவில்லையாம். பரவாயில்லையா?

மாலைநேர_ஓபி:
பரவாயில்லை என்று சொல்ல முடியாதம்மா. அந்த நாடு கேட்காது, இந்தியா கேட்கும். 2018 முதல் வெளிநாட்டில் எம்பிபிஎஸ் சேருபவர்களும் நீட் தகுதி பெற்றிருக்க வேண்டும். அதை எதிர்த்துப் போட்ட வழக்கை 2025 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. வெளிநாட்டில் எங்கே வேண்டுமானாலும் படிக்க யாரையும் தடுக்கவில்லை, இங்கே தொழில் செய்ய வேண்டும் என்றால் நீட் தகுதி வேண்டும் என்பதுதான் சாரம். அந்தப் பையன் எப்போது சேர்ந்தான்?

ஈரோட்டு_அம்மா:
போன வருடம். முதல் வருடம்தான் முடிகிறது.

மாலைநேர_ஓபி:
அவன் வீட்டில் இன்றே பேசுங்கள். ஐந்து வருடம் கழித்துத் தெரிந்துகொள்வதைவிட இப்போது தெரிந்துகொள்வது மேல். அவன் அங்கேயே தங்கி வேலை பார்க்கிற எண்ணத்தில் இருக்கிறானா என்றும் கேளுங்கள். அப்படியென்றால் கணக்கு வேறு.

ஹவுஸ்சர்ஜன்_மதுரை:
நெல்வயல் சார், இனி ஏஜென்ட்டிடம் வாய்ப்பேச்சு வேண்டாம். கல்லூரியிடமிருந்தே எழுத்தில் வாங்குங்கள்: பாடத்திட்டம் மொத்த மாதத்தோடு, பயிற்சி எந்த மருத்துவமனையில், எந்த மொழியில். இன்னொரு மெயில் அந்த நாட்டில் உள்ள இந்தியத் தூதரகத்துக்கு: "இங்கே படித்து முடித்த இந்தியக் குடிமகனுக்கு, இந்த நாட்டுக் குடிமகனுக்குச் சமமான உரிமம் கிடைக்கிறதா?" சரியாக இந்த வார்த்தைகளிலேயே கேளுங்கள். "அங்கீகாரம் பெற்ற கல்லூரியா" என்று கேட்டால் ஆமாம் என்று பதில் வரும், அது உங்களுக்கு உதவாது.

நெல்வயல்:
மூன்று வாரம் கழித்து எழுதுகிறேன், மன்னிக்கவும். மூன்று நாட்டுத் தூதரகத்துக்கும் மெயில் போட்டோம். மகளே ஆங்கிலத்தில் எழுதினாள். இரண்டு இடத்திலிருந்து பதில் வந்தது. ஒன்றில், பட்டம் முடித்தவர் மேற்பயிற்சி முடித்த பிறகே தனியாக உரிமம் பெறலாம் என்று தெளிவாக எழுதியிருந்தார்கள். இன்னொன்றில், வெளிநாட்டவரும் உரிமத் தேர்வு எழுதலாம், தேர்வு அந்த நாட்டு மொழியில் என்று இருந்தது. ஏஜென்ட்டிடம் இரண்டையும் காட்டினேன். "இதையெல்லாம் யாரும் பார்ப்பதில்லை" என்றார். எழுதித் தரச் சொன்னேன். தரவில்லை. முன்பணம் கட்டவில்லை.

மகள் அந்த இரண்டாவது நாட்டு மொழியை யூடியூபில் கேட்க ஆரம்பித்திருக்கிறாள். ஒரு வருடம் மொழி கற்றுவிட்டுப் போகிறேன், அதோடு மறுபடியும் நீட் எழுதிப் பார்க்கிறேன் என்கிறாள். இந்த வருட நீட் மதிப்பெண் வெளிநாட்டுச் சேர்க்கைக்கு அடுத்த வருடமும் செல்லுமா?

சீனா2019:
செல்லும் சார். மூன்று வருடம். அவசரமே இல்லை.

தவாவோ_மாணவன்:
சார், அப்பாவிடம் நீங்கள் விசாரித்ததைச் சொன்னேன். உங்கள் மகள் எந்த மொழி படிக்கிறாள் என்று கேட்கச் சொன்னார்.